இரு போர்களுக்கிடையே ஒரு மாணவர் விழா

ஒலிம்பிக் விழாவைப் பற்றி அறியாத மாணவர் நம் பாடசாலைகளில் இலர். நான்காண்டுக்கு ஒருமுறை அவ்விழா வரும்போது ஓட்டவீரர்களின் பெயர்களையும் அவர்கள் எடுத்த நேரங்களையும் சிறுவரும் மனப்பாடமாகச் சொல்லக் கேட்கின்றோம். ஆயின் பல்கலைக்கழக மாணவருக்கென்றே தனியானதோர் உலக விளையாட்டு விழா உண்டு என்பதையும், அது 1923ஆம் ஆண்டிலேயே பாரிஸ் மாநகரிற் பிறந்துவிட்டது என்பதையும் அறிந்தவர் மிகச் சிலரே. அறிவுப் போட்டி நடத்துவோர்கூட அதனை ஒரு பொருட்டாகக் கருதி வினாத் தொடுப்பதில்லை. ஆனால் ஒலிம்பிக்கின் கதையைக் காட்டிலும் இம்மாணவர் விழாவின் கதை ஒரு வகையிற் சுவை மிகுந்தது. அரசர்களும் அமைச்சர்களும் தோற்றுவித்த விழா அன்று அது. மாணவர் சங்கங்கள் தாமே கூடித் தோற்றுவித்தது. அதனாலேயே அரசியற் காற்று அடித்த போதெல்லாம் முதலில் ஆடியதும் அதுவே.

மாணவரும் விளையாட்டும் பழைய தோழர். ஒக்ஸ்போர்டும் கேம்பிரிட்ஜும் தேம்ஸ் நதியிற் படகு வலிக்கத் தொடங்கியது 1829இல். ஓட்டம், பாய்ச்சல் முதலிய மெய்வல்லுநர் போட்டிகளில் அவை எதிரெதிர் நின்றது 1864இல். 1899இல் அமெரிக்காவின் ஹார்வார்ட், யேல் மாணவர் அத்திலாந்திக் சமுத்திரத்தைக் கடந்து வந்து, ஒக்ஸ்போர்ட், கேம்பிரிட்ஜ் மாணவருடன் லண்டனிற் போட்டியிட்டனர். 1896இல் அதென்ஸ் நகரில் நடந்த முதலாவது நவீன ஒலிம்பிக் விழாவில் முதல் வெற்றியைப் பெற்ற ஜேம்ஸ் கொனொலி ஹார்வார்ட் மாணவராக இருந்தவர். விடுமுறை கிடையாதென்று கல்லூரி சொல்லவே, கல்லூரியை விட்டுவிட்டுக் கப்பலேறியவர் அவர். அதே விழாவில் கிரேக்கர் தமக்கேயுரியதென எண்ணியிருந்த தட்டெறிதலில் அவர்களை வென்ற றொபேர்ட் கரெட் பிரின்ஸ்டன் மாணவர். ஆகவே ஒலிம்பிக் விழாவே பாதியளவில் மாணவர் விழாவாகத்தான் தொடங்கிற்று எனலாம். அப்படியிருக்கத் தனியே ஒரு விழா எதற்கு?

அதற்கு விடை விளையாட்டுத் திடலில் இல்லை. முதலாம் உலக மகாயுத்தத்தின் இடிபாடுகளில் இருக்கின்றது.

1914 முதல் 1918 வரை நடந்த அப்போரிலே பிரான்சு, ஜேர்மனி, இங்கிலாந்து ஆகிய நாடுகளின் விரிவுரை மண்டபங்கள் வெறிச்சோடின. நூலைக் கையிலெடுத்திருக்க வேண்டிய வயதிலே துப்பாக்கியை எடுத்த இளைஞருட் பெருந்தொகையினர் திரும்பி வரவில்லை. திரும்பி வந்தோர் 1919 நவம்பரில் ஸ்திராஸ்பூர்க் நகரிற் கூடிச் சர்வதேச மாணவர் சம்மேளனம் ஒன்றை நிறுவினர். அந்நகரைத் தேர்ந்ததில் ஒரு பொருள் உண்டு. ஏறக்குறைய அரை நூற்றாண்டு ஜேர்மனியின் கையில் இருந்த நகர் அது. போரின் முடிவில் பிரான்சுக்கு மீண்டது. அங்கிருந்த ஜேர்மன் பல்கலைக்கழகம் பிரெஞ்சுப் பல்கலைக்கழகமாக மீண்டும் திறக்கப்பட்ட வேளையிலேதான் சம்மேளனமும் தோன்றியது. மாணவர் யாவரும் ஒரு குலம் என்னும் கொள்கையும், வென்றவர் நாட்டு மாணவரே முதலில் உறுப்பினர் என்னும் நடைமுறையும் ஒரே கூரையின் கீழ்ப் பிறந்தன. இந்த முரண்பாடு பின்வரும் கதை முழுவதிலும் ஊடுருவி நிற்பதைக் காணலாம்.

சம்மேளனம் மாணவர் மனத்தில் ஊக்கத்தை எழுப்பியது என்பதில் ஐயமில்லை. இங்கிலாந்து மாணவர் தமக்கென ஒரு தேசிய சங்கத்தை 1922இல் அமைத்துக்கொண்டதற்கே, இச்சம்மேளனத்தில் தம் நாட்டின் சார்பிற் பேச ஓர் அமைப்பு வேண்டும் என்பது முக்கிய காரணமாயிற்று. மாநாடுகள் நடந்தன, தீர்மானங்கள் நிறைவேறின. ஆனால் தீர்மானங்களால் மட்டும் இளைஞர் ஒருவரையொருவர் அறிந்துகொள்வதில்லை என்பதை உணர்ந்த ஒருவர் பிரெஞ்சு மாணவரிடையே இருந்தார். அவர் பெயர் ஜான் பெத்திஜான். ஒலிம்பிக் விழாவுக்குக் கூபெர்த்தின் பிரபு எப்படியோ, மாணவர் விழாவுக்கு இவர் அப்படி. ஆயினும் கூபெர்த்தின் பெயர் உலகெங்கும் ஒலிக்க, பெத்திஜான் பெயர் விளையாட்டு வரலாற்றாசிரியரின் ஏடுகளுக்குள்ளேயே அடங்கிக் கிடக்கின்றது.

பெத்திஜானின் முயற்சியாற் பிரெஞ்சு மாணவர் சங்கம் 1923ஆம் ஆண்டு மே மாதத்திற் பாரிஸில் முதலாவது சர்வதேசப் பல்கலைக்கழகப் போட்டியை நடத்தியது. மெய்வல்லுநர் போட்டிகள் மாத்திரமே அதில் இடம்பெற்றன. நான்கு நாட்களில் முடிந்துவிட்ட சிறு கூட்டந்தான். மறுவருடம் அதே நகரில் நடைபெறவிருந்த ஒலிம்பிக் விழாவின் ஆரவாரத்தில் உலகம் இதனை விரைவில் மறந்துவிட்டது.

அந்த மே மாதத்தில் ஐரோப்பாவின் நிலை யாது? அவ்வாண்டு ஜனவரியிற் பிரெஞ்சுப் படைகளும் பெல்ஜியப் படைகளும் ஜேர்மனியின் ரூர்ப் பிரதேசத்துள் நுழைந்திருந்தன. ஜேர்மனி போர் நட்டஈட்டை ஒழுங்காகச் செலுத்தவில்லை. ஆகவே அதன் நிலக்கரியையும் உருக்கையும் நாமே எடுத்துக்கொள்வோம் என்பது பிரான்சின் வாதம். சுரங்கத் தொழிலாளர் வேலையை நிறுத்தினர். ஜேர்மன் நாணயத்தின் மதிப்பு நாளுக்கு நாள் வீழ்ந்தது. பாரிஸில் மாணவர் தோழமையுடன் ஓடிக்கொண்டிருந்தபோது, சில நூறு மைல்களுக்கு அப்பால் அவர்தம் நாட்டுச் சிப்பாய்கள் நிலக்கரிச் சுரங்கங்களைக் காவல் செய்துகொண்டிருந்தார்கள். அப்பகுதியே ஏறத்தாழ நூறாண்டின் பின், 2025 ஜூலையில், உலகப் பல்கலைக்கழக விளையாட்டு விழாவைத் தன் நகரங்களில் நடத்திற்று என்பதை இளம் வாசகர்கள் இவ்விடத்திற் குறித்துக்கொள்வார்களாக.

1924 செப்டெம்பரில் போலந்தின் தலைநகராகிய வார்சோவில் மாணவர் சம்மேளனத்தின் மாநாடும் விளையாட்டும் ஒருங்கே நடந்தன. சுதந்திரம் பெற்று ஆறாண்டுகளேயான நாடு. நான்காண்டுகளின் முன், 1920 ஓகஸ்டில், சோவியத் படைகள் அந்நகர வாயில்வரை வந்து பின்வாங்கியிருந்தன. தாமும் ஒரு நாட்டவர் என்பதை உலக மாணவருக்குக் காட்டப் போலந்தினர் கொண்ட ஆவலை நாம் எளிதில் ஊகிக்கலாம். இந்த வார்சோப் போட்டியின் நினைவாகவே செப்டெம்பர் 20ஆந் திகதியைப் பல்கலைக்கழக விளையாட்டுக்கான சர்வதேச தினமாக யுனெஸ்கோ 2015இற் பிரகடனஞ் செய்தது.

பின்னர் 1927இல் உரோம், 1928இல் மீண்டும் பாரிஸ் என விழா வளர்ந்தது. நீச்சல், வாட்போர், உதைபந்தாட்டம், ரென்னிஸ் எனப் பல துறைகள் ஒவ்வொன்றாகச் சேர்ந்தன. பெண்களும் பங்குபற்றத் தொடங்கினர். ஒலிம்பிக்கிலேயே பெண்களுக்கான மெய்வல்லுநர் போட்டிகள் 1928இற்றான் முதன்முதலாக இடம்பெற்றன என்பதை நோக்க, மாணவர் விழா காலத்துக்குப் பின்தங்கி நிற்கவில்லை எனக் கூறலாம். 1928இற் குளிர்கால விழா ஒன்றும் இத்தாலியின் மலைநகராகிய கோர்த்தினா தம்பெத்சோவிலே தொடங்கப்பட்டது. பனியே காணாத நாட்டவராகிய நமக்கு அது வெறும் செய்தி; ஐரோப்பிய மாணவருக்கோ கோடைகால விழாவுக்கு எவ்வகையிலும் குறையாத பெருவிழா.

இவை யாவற்றிலும் 1930ஆம் ஆண்டு ஓகஸ்டில் ஜேர்மனியின் டார்ம்ஸ்ராட் நகரில் நடந்த விழா எனக்கு மிகவும் பிடித்தது. ஏன் என்று சொல்வேன். டார்ம்ஸ்ராட் பெருநகர் அன்று. ஒரு தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தால் அறியப்பட்ட நடுத்தரமான ஊர். அப்பல்கலைக்கழகத்தின் விளையாட்டரங்கு போருக்குப் பிந்திய வறுமைக் காலத்திலே மாணவரின் சொந்த உழைப்பினால் எழுந்தது. பொறியியல் கற்றவர்கள் மண்வெட்டி பிடித்து மண் சுமந்தார்கள். சர்வதேச மாணவர் சம்மேளனத்தில் ஜேர்மன் மாணவர் முழு உறுப்பினராகச் சேராமல் விலகியே நின்றபோதிலும், விளையாட்டைப் பொறுத்தவரையில் அந்தக் கதவு திறந்துவிட்டது. ரூர்ப் பிரதேசத்திற் பிரெஞ்சுத் துப்பாக்கிகள் நின்ற காலத்துக்கு ஏழே ஆண்டுகளின் பின், பிரெஞ்சு மாணவர் ஜேர்மன் மாணவரின் விருந்தினராக அவ்வரங்கில் ஓடினர். அரசாங்கங்கள் பல வருடங்கள் பேசியும் முடியாத காரியத்தை இளைஞர் ஒரு வாரத்தில் முடித்தார்கள் என்று கூறுவது மிகையாகலாம். ஆயினும் தாமே வெட்டிய மண்ணில் நேற்றைய பகைவரை வரவேற்ற அம்மாணவரின் பெருமிதம் பொய்யன்று. பதினான்கு ஆண்டுகள் கழித்து, 1944 செப்டெம்பரில் ஓரிரவில், பிரித்தானிய விமானங்களின் குண்டுவீச்சால் டார்ம்ஸ்ராட்டின் நடுப்பகுதி எரிந்து சாம்பலாயிற்று.

அடுத்த விழா 1933 செப்டெம்பரில் இத்தாலியின் டூரின் நகரிலே நடந்தது. இங்கே காட்சி முற்றிலும் மாறுகின்றது. அரங்கு மாணவர் கட்டியதன்று. முசோலினியின் ஆட்சி சில மாதங்களிற் கட்டி எழுப்பி, அவ்வாண்டு மே மாதத்தில் அவருடைய பெயரையே சூட்டித் திறந்து வைத்தது. இத்தாலியப் பல்கலைக்கழக மாணவர் பாசிசக் கட்சியின் மாணவர் அணிகளில் அடக்கப்பட்டிருந்தனர். விளையாட்டு, ஆட்சியின் விளம்பரமாயிற்று. எனினும் அவ்விழாவில் நடந்த ஓர் ஓட்டம் எந்த ஆட்சிக்கும் உரியதன்று. அது ஓட்டக்கலைக்கே உரியது. அதனைச் சற்று விரிவாகச் சொல்ல விரும்புகின்றேன்.

1500 மீற்றர் ஓட்டத்துக்கு அணிவகுத்தவருள் இருவர் உலகப் புகழ் பெற்றவர்கள். ஒருவர் மிலான் நகரத்தவரான லூயிஜி பெக்காலி. பொறியியல் கற்றவர். 1932இல் லொஸ் ஏஞ்சல்ஸ் ஒலிம்பிக்கில் இதே ஓட்டத்தில் தங்கப்பதக்கம் வென்றவர். வென்றபின் மேடையில் நின்று பாசிச வணக்கஞ் செய்தவரும் அவரே. மற்றவர் ஜாக் லவ்லொக். நியூசிலாந்திற் பிறந்து, ரோட்ஸ் புலமைப்பரிசில் பெற்று, ஒக்ஸ்போர்டில் வைத்தியக் கல்வி பயின்றுகொண்டிருந்தவர். லொஸ் ஏஞ்சல்ஸில் இவர் ஏழாவதாகவே வந்தார். ஆனால் 1933 ஜூலையில், ஒக்ஸ்போர்ட், கேம்பிரிட்ஜ் அணியினர் அமெரிக்காவின் பிரின்ஸ்டன், கோர்னெல் அணியினரைச் சந்தித்த மாணவர் போட்டியொன்றில், ஒரு மைல் தூரத்தை 4 நிமிடம் 7.6 செக்கனில் ஓடி உலக சாதனையை நிலைநாட்டியிருந்தார். ஆகவே செப்டெம்பர் 9ஆந் திகதி டூரினிற் சந்தித்தவர்கள் ஒலிம்பிக் வீரரும் உலகச் சாதனையாளரும் ஆவர். மாணவர் போட்டி எனச் சொல்லி இதனை எவரும் இரண்டாந்தரமாக ஒதுக்க முடியாது.

பெக்காலி வென்றார். நேரம் 3 நிமிடம் 49.2 செக்கன். பிரெஞ்சு வீரர் ஜூல் லதுமேக் 1930இல் ஏற்படுத்திய உலக சாதனைக்கு அது இம்மியும் பிசகாமற் சமமானது. பணம் பெற்றார் என்ற குற்றச்சாட்டினால் 1932இலேயே போட்டிகளிலிருந்து விலக்கப்பட்ட அந்த லதுமேக், தம் சாதனையைத் தாமே காத்துக்கொள்ள வழியின்றிப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டியவரானார். எட்டு நாட்களின் பின் மிலானில் பெக்காலி மீண்டும் ஓடிச் சாதனையை 3 நிமிடம் 49.0 செக்கனாகக் குறைத்துத் தமதாக்கிக்கொண்டார்.

லவ்லொக் என்ன செய்தார்? ஒவ்வோர் ஓட்டத்தின் பின்னரும் தம் உடல்நிலை, எதிராளியின் போக்கு, வேகத்தைக் கூட்டிய இடம் ஆகியவற்றை ஒரு வைத்திய மாணவருக்குரிய நுணுக்கத்துடன் நாட்குறிப்பில் எழுதிவைப்பது அவர் வழக்கம். டூரினில் முன்னே சென்ற முதுகை அவர் மறந்திருக்கமாட்டார். மூன்றாண்டுகளின் பின் 1936இல், பேர்லின் ஒலிம்பிக்கில் இருவரும் மீண்டும் எதிர்ப்பட்டனர். கடைசி நேர்ப்பாதை வரும்வரை காத்திருப்பதே அக்காலத்து வழக்கம். லவ்லொக்கோ முடிவுக்கு 300 மீற்றருக்கு முன்னரே எவரும் எதிர்பாராத வண்ணம் பாய்ந்து சென்றார். 3 நிமிடம் 47.8 செக்கனில் உலக சாதனையுடன் தங்கம் வென்றார். அமெரிக்காவின் கிளென் கனிங்ஹாம் இரண்டாவதாக வர, பெக்காலி மூன்றாமிடம் பெற்றார். அன்று பெக்காலி எடுத்த நேரம் 3 நிமிடம் 49.2 செக்கன்; டூரினில் உலக சாதனைக்குச் சமமாகி அவருக்கு வெற்றியை ஈட்டித்தந்த அதே நேரம். பெக்காலி தளர்ந்துவிடவில்லை, மற்றவர்கள் முன்னேறிவிட்டார்கள். தோல்வியைக் குறிப்பெழுதிக் கற்றவனுக்கும் வெற்றியிற் களித்தவனுக்கும் உள்ள வேறுபாடு என்று இதனை வகுப்பறையிற் சொல்லத் தோன்றும். ஆனால் பெக்காலிக்கு அது நீதியாகாது. 3 நிமிடம் 49.2 செக்கனை இருமுறை ஓடுதல் எளிதான செயலன்று.

ஓட்டத்தின் இன்பத்தில் ஆழ்ந்து, வேறொன்றைக் காணாமல் விட்டுவிடலாகாது. மாணவர் விழா என்றால் மாணவர் யாவருக்கும் உரிய விழா என்பதே பொருள். ஆனால் மாணவர் யார் என்பதை யார் தீர்மானிப்பது? 1933 ஏப்பிரலில், டூரின் விழாவுக்கு ஐந்து மாதங்களுக்கு முன், ஜேர்மனியில் ஹிட்லரின் அரசாங்கம் ஒரு சட்டத்தை இயற்றியது. பாடசாலைகளிலும் பல்கலைக்கழகங்களிலும் கூட்டம் மிகுந்துவிட்டதென்பது அதற்குச் சொல்லப்பட்ட காரணம். புதிதாகச் சேர்க்கப்படும் மாணவருள் யூதர் 1.5 சத வீதத்துக்கு மேற்படலாகாது என்பது அதன் சாரம். 1935இல் விழா நடந்த புடாபெஸ்ட் நகரின் கதையும் அதுவே; ஹங்கேரியில் யூத மாணவரின் தொகையைக் கட்டுப்படுத்தும் சட்டம் 1920இலேயே வந்துவிட்டது. பல்கலைக்கழகத்தின் வாயிலில் தடுத்து நிறுத்தப்பட்டவன் பல்கலைக்கழக விளையாட்டின் ஆரம்பக் கோட்டில் வந்து நிற்பது எங்ஙனம்? அணிவகுப்பிற் கொடிகள் குறையவில்லை. கொடிகளின் கீழே இருந்திருக்க வேண்டிய முகங்கள் குறைந்தன. விழாவை நடத்தியவர்கள் இதனைத் தட்டிக் கேட்டிருக்க வேண்டும் என்பதே என் எண்ணம். பல்கலைக்கழகம் என்னும் பெயரைச் சுமந்த விழாவுக்கு அந்தக் கடமை மற்ற எந்த விழாவைக் காட்டிலும் அதிகமாக இருந்தது.

1937இல் விழா மூன்றாம் முறையாகப் பாரிஸுக்கு வந்தது. அவ்வாண்டு அங்கே சர்வதேசப் பொருட்காட்சியும் நடந்துகொண்டிருந்தது. ஜேர்மனியின் மண்டபமும் சோவியத் ருஷ்யாவின் மண்டபமும் ஒன்றையொன்று முறைத்துப் பார்ப்பனபோல் எதிரெதிரே நின்றன. ஸ்பெயினில் உள்நாட்டுப் போர் இரண்டாவது வருடத்துட் புகுந்திருந்தது.

அதன்பின் முறிவு வந்தது. 1939ஆம் ஆண்டு விழாவுக்குச் சம்மேளனம் மொனாக்கோவைத் தேர்ந்தது. மத்தியதரைக் கடலோரத்திலுள்ள அச்சிறு நாடு அதற்கெனப் புதிய விளையாட்டரங்கோடு காத்திருந்தது. ஜேர்மனி அங்கே செல்ல மறுத்தது. 1938 மார்ச்சில் தான் விழுங்கிக்கொண்ட ஒஸ்திரியாவின் தலைநகரான வியன்னாவிலே தானே ஒரு மாணவர் விழாவைக் கூட்டி, தன் பக்கம் சார்ந்தோரை அழைத்தது. ஆக, ஒரே ஓகஸ்ட் மாதத்தில் இரண்டு விழாக்கள். இரண்டிலும் இளைஞர் ஓடினர், நீந்தினர், பாய்ந்தனர். இரண்டிலும் வென்றவர் தம்மைப் பல்கலைக்கழக உலகின் வீரர் என்றே எண்ணினர். அம்மாதம் 23ஆந் திகதி மொஸ்கோவில் ஹிட்லரின் அமைச்சரும் ஸ்டாலினின் அமைச்சரும் உடன்படிக்கையிற் கையொப்பமிட்டனர். செப்டெம்பர் முதலாந் திகதி அதிகாலையில் ஜேர்மன் படை போலந்தினுட் புகுந்தது. அரசுகள் இரண்டாகப் பிரிந்து போரிடுவதற்குச் சில நாட்களின் முன்பே மாணவர் இரண்டாகப் பிரிந்து விளையாடிவிட்டனர்.

போரின் முதல் மாதங்களிலேயே மாணவர் மீது விழுந்த அடி பயங்கரமானது. ஜேர்மனியின் பிடியில் இருந்த பிராக் நகரில், 1939 ஒக்டோபர் 28ஆந் திகதி நடந்த ஆர்ப்பாட்டத்தில் யான் ஒப்லெத்தால் என்னும் வைத்திய மாணவர் சுடப்பட்டார். இரு வாரங்களில் இறந்தார். அவருடைய இறுதி ஊர்வலம் மீண்டும் ஆர்ப்பாட்டமாக மாறியது. நவம்பர் 17ஆந் திகதி மாணவர் தலைவர்களும் அவர்களைச் சார்ந்தோருமாக ஒன்பது பேர் விசாரணையின்றிக் கொல்லப்பட்டனர். ஆயிரத்துக்கும் மேற்பட்ட மாணவர் சாக்சன்ஹவுசன் தடுப்பு முகாமுக்கு அனுப்பப்பட்டனர். செக் மொழிப் பல்கலைக்கழகங்கள் யாவும் மூடப்பட்டன. நவம்பர் 17 சர்வதேச மாணவர் தினமாகக் கொண்டாடப்படுவதன் வரலாறு இதுவே. நம் கல்லூரிகளில் அந்நாளில் வாழ்த்துரைகளும் கலைநிகழ்ச்சிகளும் நடப்பதுண்டு. அது துக்கத்திற் பிறந்த நாள் என்பதை எத்தனை பேர் அறிந்திருக்கின்றனர்?

போர் முடிந்தபின் 1946 ஓகஸ்டில் புதிய சர்வதேச மாணவர் ஒன்றியம் பிராக் நகரிலேயே அமைந்தது மிகப் பொருத்தம் என்று அனைவரும் கருதினர். பழைய சம்மேளனம் மறைந்தது. 1947இற் பாரிஸில் மீண்டும் ஒரு விழா நடந்தது. பெத்திஜானும் மீண்டும் அதில் உழைத்தார். ஆனால் ஒற்றுமை ஓராண்டுதான் நீடித்தது. 1948 பெப்ரவரியிற் செக்கோஸ்லோவாக்கியாவில் ஆட்சியைக் கம்யூனிஸ்டுகள் கைப்பற்றினர். அதனை எதிர்த்து ஊர்வலஞ் சென்ற பிராக் மாணவரைப் பொலிசார் தாக்கினர். அதே நகரில் தலைமையகத்தைக் கொண்டிருந்த மாணவர் ஒன்றியமோ வாய் திறக்கவில்லை. மேற்கு நாட்டு மாணவர் சங்கங்கள் ஒவ்வொன்றாக விலகின. பின்னர் லக்சம்பேர்க்கிற் சர்வதேசப் பல்கலைக்கழக விளையாட்டுச் சம்மேளனம் உதயமாயிற்று. 1949இல் மறுபடியும் இரண்டு விழாக்கள்: மேற்கினருக்கு இத்தாலியின் மெரானோவில் ஒன்று, கிழக்கினருக்குப் புடாபெஸ்ட்டில் மற்றொன்று. பத்தாண்டுகளுக்குள் இது இரண்டாவது பிளவு. முதற் பிளவில் நாசிகளைக் குறைகூறினோம். இரண்டாவதில் யாரைக் குறைகூறுவது என்பதை ஒவ்வொருவரும் தத்தம் அரசியலுக்கேற்பத் தீர்மானித்துக்கொண்டனர். அதன்பின் ஒரு பக்கம் லக்சம்பேர்க், டோர்ட்முண்ட், சான் செபஸ்தியான். மறு பக்கம் பேர்லின், புக்காரெஸ்ட், வார்சோ என விழாக்கள் தனித்தனியே சென்றன.

இந்தப் பிளவை ஒட்டவைத்தது மறுபடியும் பாரிஸ். அதிலும் அதே பெத்திஜான். 1957இற் பிரெஞ்சு மாணவர் சங்கத்தின் சார்பில் நடந்த போட்டிக்குக் கிழக்கு மாணவரும் மேற்கு மாணவரும் சேர்ந்தே அழைக்கப்பட்டனர். இரு சாராரும் வந்தனர். இதற்கு ஓராண்டு முன், 1956 ஒக்டோபர் 23ஆந் திகதி, புடாபெஸ்ட் மாணவரின் ஊர்வலத்திலிருந்து மூண்ட எழுச்சியைச் சோவியத் டாங்கிகள் நசுக்கியிருந்தன. அந்த நினைவு பசுமையாக இருக்கும்போதே இரு சாராரும் ஒரே திடலில் இறங்கினர் என்றால், 34 ஆண்டுகளின் முன் ரூர் ஆக்கிரமிப்பின் நடுவே தம் முதற் போட்டியைக் கூட்டியவரின் பிடிவாதம் சிறிதும் குறையவில்லை என்றுதான் கொள்ள வேண்டும். இரு சாராரையும் அழைத்தல் தவறு, அஃது அநீதியை மன்னிப்பதாகும் என்று அன்று வாதிட்டவர் இருந்திருப்பின், அவர் வாதமும் தள்ளத்தக்கதன்று. 1933இல் தட்டிக் கேட்டிருக்க வேண்டும் என்று மேலே எழுதிய நான், 1957இல் அழைத்ததைப் போற்றுவது முரண் எனச் சில வாசகர் எண்ணலாம். வாயிலில் மாணவரைத் தடுத்த சட்டம் வேறு. வாயிலைத் திறந்துவைத்த அழைப்பு வேறு. என் மனம் அழைப்பின் பக்கமே சாய்கின்றது.

பாரிஸில் ஒட்டியதை நிலைபெறச் செய்தவர்கள் இத்தாலிய மாணவர். அவர்களுக்குத் தலைமை தாங்கிய பிறிமோ நெபியோலோ டூரின் நகரத்தவர். நீளம் பாய்தல் வீரர். முதற் போட்டி நடந்த அதே 1923இற் பிறந்தவர். அவர் தம் நகரையே களமாக்கினார். 1959 ஓகஸ்டின் இறுதியில், பெக்காலி ஓடிய அதே அரங்கிலே, முசோலினியின் பெயர் நீக்கப்பட்டு நகரசபை அரங்கென வழங்கிய அவ்விடத்திலே, 45 நாடுகளின் மாணவர் 985 பேர் கூடினர். யூனிவேர்சியாட் என்னும் பெயர் அன்றுதான் வழங்கலாயிற்று. பல்கலைக்கழகம் என்பதைக் குறிக்கும் எழுத்தும் அதனைச் சூழ்ந்த நட்சத்திரங்களும் பொறித்த கொடியும் அப்போதுதான் ஏற்பட்டது. மெய்வல்லுநர், நீச்சல், வாட்போர், ரென்னிஸ், கூடைப்பந்தாட்டம், கரப்பந்தாட்டம், நீர்ப்பந்தாட்டம் ஆகியன நடந்தன.

கொடியையும் பெயரையும்விடச் சிறந்ததெனக் கருதத்தக்க ஏற்பாடு வேறொன்று. பரிசளிப்பு வேளையில் வென்றவரின் நாட்டுத் தேசியகீதத்தை இசைப்பதில்லை என்று தீர்மானித்தனர். அதற்குப் பதிலாக, ஐரோப்பிய மாணவர் தொன்றுதொட்டு இலத்தீன் மொழியிற் பாடிவரும் 'கௌடேயாமுஸ்' என்னும் பாடலை இசைத்தனர். இளமையின் களிப்பையும் வாழ்வின் நிலையாமையையும் ஒருங்கே சொல்லும் பழம்பாடல் அது. ஜேர்மன் இசைமேதை பிராம்ஸ், தமக்குக் கௌரவ கலாநிதிப் பட்டம் வழங்கிய பிரெஸ்லாவ் பல்கலைக்கழகத்துக்கு நன்றியாக 1880இல் இயற்றிய இசைப்படைப்பின் இறுதியில் இப்பாடலின் மெட்டையே முழங்கச் செய்தார். ருஷ்யர் வென்றாலும் அமெரிக்கர் வென்றாலும் ஒரே பாட்டு! தேசியகீதம் ஒலிக்கும்போது கண்ணீர் மல்குதல் வீரருக்கு இயல்பே. அதனை நான் இகழவில்லை. எனினும் 1932இல் லொஸ் ஏஞ்சல்ஸ் மேடையில் உயர்ந்த பெக்காலியின் கையை நினைக்குந்தோறும், டூரின் மாணவரின் தெரிவு எத்துணை ஆழமானது என்பது விளங்கும்.

அவ்விழாவிலே ஓடி வென்ற உள்ளூர் இளைஞர் லீவியோ பெருத்தி. டூரினிற் பிறந்தவர், இரசாயனம் பயின்றவர், கறுப்புக் கண்ணாடி அணிந்து ஓடுபவர். மறுவருடம் உரோம் ஒலிம்பிக்கில் 200 மீற்றர் அரையிறுதி ஓட்டத்தையும் இறுதி ஓட்டத்தையும் 20.5 செக்கனில் ஓடித் தங்கம் வென்றபோது உலகம் அவரை வியந்து நோக்கியது. டூரின் மக்களுக்கோ அவர் ஏற்கெனவே பழகிய முகம்.

இணைப்பு உறுதியானதா என்னும் ஐயம் அப்பொழுதும் பலருக்கு இருந்தது. அடுத்த விழாவை 1961இற் பல்கேரியாவின் தலைநகரான சோபியா ஏற்றுக்கொண்டது. பேர்லின் நகரின் நடுவே மதில் எழுந்து மூன்று வாரங்கூட ஆகவில்லை. ஆயினும் விழா நின்றுவிடவில்லை. ஓகஸ்ட் 31ஆந் திகதி சோவியத் மாணவர் வலேரி புருமெல் அங்கே 2.25 மீற்றர் உயரம் பாய்ந்து புதிய உலக சாதனையை நாட்டினார்.